27 ரூபாயும் படுவான்கரை பஸ்ஸும்

27 ரூபாய் ஒரு சங்கடமான தொகை. இலங்கையில் பஸ்ஸின் ஆகக் குறைந்த கட்டணம் 2024 ஒக்டோபரில் அங்கே வந்து நின்றது. பொருளாதாரம் இடிந்து விழுந்த 2022 ஜூலையில் அதே கட்டணம் 40 ரூபாய். எரிபொருள் விலை இறங்க இறங்க அதுவும் இறங்கி, 30, 28 என்று வந்து 27இல் தங்கியது. கட்டண அட்டவணை தயாரிப்பவர்களுக்கு அது ஒரு சூத்திரத்தின் விடை. பஸ்ஸுக்குள் நிற்பவருக்கு அது மூன்று ரூபாய்த் தொல்லை. 30 ரூபாயை நீட்டினால் மூன்று ரூபாய் திரும்பி வரவேண்டும். ஒரு ரூபாய், இரண்டு ரூபாய்க் குற்றிகள் சட்டப்படி செல்லும். ஆனால் கொண்டக்டரின் பையில் தேடினாலும் கிடைக்காது. “பிறகு தாறன்” என்பார். அந்தப் பிறகு வராது என்று இரண்டு பேருக்கும் தெரியும். தனியொருவருக்கு மூன்று ரூபாய் பெரிய காரியமில்லை. நாள் முழுக்க ஏறி இறங்கும் எல்லாருடைய மூன்று ரூபாயும் ஒரே பைக்குள் சேர்ந்தால் அது ஒரு ஆளின் கூலியில் கணிசமான பங்கு.

2025 நவம்பர் பிற்பகுதியில், கொழும்புக்கு வெளியே மாகும்புர போக்குவரத்து மையத்தில், வங்கி அட்டையைத் தட்டிப் பஸ் கட்டணம் செலுத்தும் திட்டத்தை அரசாங்கம் தொடக்கி வைத்தது. சில்லறைத் தகராறு ஒழியும் என்பது அதற்குச் சொல்லப்பட்ட நியாயங்களில் ஒன்று. அதற்கு முன்பே, ஒக்டோபர் 1 முதல், மேல் மாகாண பஸ்களில் டிக்கட் கட்டாயமாக்கப்பட்டிருந்தது. இரண்டையும் சேர்த்துப் படிக்க வேண்டும். டிக்கட் கொடு என்று 2025இல் தனியாக உத்தரவு போட வேண்டியிருந்தது என்றால், அதுவரை வாங்கிய பணத்துக்கு எழுத்தில் ஒரு தடயமும் இல்லாமல் எத்தனையோ பஸ்கள் ஓடியிருக்கின்றன என்று பொருள்.

மாகும்புர, தெற்கு அதிவேக வீதியின் வாசலில் இருக்கிறது. அங்கே ஏறும் அலுவலகப் பயணியின் பணப்பையில் அட்டை ஏற்கெனவே இருக்கும். தொடங்குவதற்கு நல்ல இடம்தான். அதே இயந்திரம் மட்டக்களப்பு வாவியைத் தாண்டி வவுணதீவுப் பக்கம் வந்தால் என்ன செய்யும், யாருக்காகச் செய்யும் என்பது வேறு கேள்வி.

மட்டக்களப்பு வாவி சுமார் 56 கிலோமீற்றர் நீளத்துக்குத் தெற்கு வடக்காகக் கிடக்கிறது. கடலுக்கும் வாவிக்கும் இடைப்பட்ட மணற்பட்டை எழுவான்கரை. மேற்கே வயலும் குளமும் காடுமாக விரிவது படுவான்கரை. கச்சேரி, போதனா வைத்தியசாலை, ரயில் நிலையம், பெரிய பாடசாலைகள், பெரிய கடைகள் எல்லாம் நகரப் பக்கம். நெல்லும் தயிரும் மீனும் விளைவது மறுபக்கம். மண்முனை மேற்குப் பிரதேச செயலகம் இருக்கும் வவுணதீவு, வலையிறவுப் பாலத்தைக் கடந்ததும் வருகிறது. ஈச்சந்தீவு, கன்னன்குடா, நாவற்காடு, ஆயித்தியமலை, உன்னிச்சை என்று அங்கிருந்து உள்ளே பிரிந்து போகும் ஊர்களுக்கு நகரம் என்றால் பஸ். தெற்கே மண்முனையில் 2014இல் பாலம் வரும்வரை ‘பாதை’ என்று ஊரார் சொல்லும் மிதவைதான் ஆட்களையும் வண்டிகளையும் ஏற்றிப் போனது. குருக்கள்மடத்துக்கும் அம்பிளாந்துறைக்கும், குறுமண்வெளிக்கும் மண்டூருக்கும் இடையே பாதையை நம்பி வாழ்ந்த தலைமுறைகள் உண்டு. மோட்டார் சைக்கிள் உள்ள வீடுகள் பெருகிவிட்டன, உண்மைதான். அந்த மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு வீட்டு ஆண் வேலைக்குப் போன பிறகு மிஞ்சியிருப்பவர்கள்தான் பஸ்ஸுக்கு நிற்கிறார்கள்: கிளினிக் போகும் தாய், டியூஷன் போகும் பிள்ளை, ஓய்வூதியம் எடுக்கப் போகும் கிழவர்.

நகரத்து பஸ் நிலையத்திலிருந்து புறப்படும் வண்டி வலையிறவை நெருங்குவதற்குள் கொண்டக்டர் தன் வேலையில் பாதியை முடித்துவிடுவார். தாள்களை நீளவாக்கில் மடித்து விரல் இடுக்கில் செருகியிருப்பார். 20 ஒரு இடுக்கில், 50 அடுத்ததில், 100 அதற்கடுத்ததில். உள்ளங்கையில் குற்றிகள். யார் எங்கே ஏறினார், எங்கே இறங்குவார், யாருக்கு எவ்வளவு மிச்சம் கொடுக்க வேண்டும் எல்லாம் தலைக்குள். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும் மூதாட்டி, “மாத்தின காசில்ல மனே, நாளைக்கு வரக்குள்ள தாறன்” என்றால் தலையை ஆட்டிவிட்டு அடுத்த ஆளிடம் போவார். உர மூட்டைக்கு ஒரு விலை சொல்வார், தயிர் முட்டிக்கு ஒன்றும் கேட்கமாட்டார். நகரத்து மருந்துக்கடைக்காரர் கொடுத்துவிட்ட பொட்டலத்தைச் சந்தியில் காத்திருக்கும் பிள்ளையிடம் இறக்கிக் கொடுப்பார். இவற்றில் எதற்கும் எந்தக் கட்டண இயந்திரத்திலும் பொத்தான் கிடையாது. அதே தலை, அதே விரல் இடுக்கு, மூன்று ரூபாயை மறப்பதற்கும் டிக்கட் கிழிக்காமல் விடுவதற்கும் வசதியாகவும் இருக்கிறது. இதைச் சொல்லாமல் அவரைப் புகழ்வது நியாயமில்லை.

இனி இயந்திரத்துக்கு வருவோம். அட்டைக்குள் மின்கலம் எதுவும் இல்லை. கருவிக்கு நாலைந்து சென்ரிமீற்றர் தூரத்துக்குள் கொண்டுபோனதும், கருவி பரப்பும் காந்தப்புலம் அட்டையின் உள்ளே சுற்றியிருக்கும் கம்பிச்சுருளில் மின்னோட்டத்தைத் தூண்டுகிறது. 13.56 மெகாஹேட்ஸ் அலைவரிசையில் சில்லு விழித்து, தன் இரகசியச் சாவியால் கணக்குப் போட்டு விடை சொல்லி, மறுபடியும் உறங்கிவிடுகிறது. லண்டன் போக்குவரத்து நிர்வாகம் இதற்குக் கொடுத்த நேரம் அரை விநாடி. அதைவிடக் கூடினால் கதவடியில் கூட்டம் தேங்கும்.

இதில் இரண்டு வழிகள் உண்டு. போக்குவரத்துக்கென்றே ஒரு அட்டை வெளியிட்டு அதில் முன்கூட்டியே காசு ஏற்றிக்கொள்வது பழைய வழி. சியோலில் 1996இல் பஸ் அட்டை வந்தது. ஹொங்கொங்கில் 1997 செப்டம்பர் 1ஆம் திகதி ஒக்டோபஸ் வந்தது. லண்டனில் 2003இல் ஒயிஸ்டர். ஒக்டோபஸ் வைத்திருக்கும் பள்ளிக்கூடப் பிள்ளைக்கு வங்கிக் கணக்கு வேண்டாம், கடையில் காசு கொடுத்து ஏற்றிக்கொள்ளலாம். இரண்டாவது வழி, ஏற்கெனவே மக்களிடம் இருக்கும் வங்கி அட்டையையே டிக்கட்டாக்குவது. லண்டன் பஸ்கள் 2012 டிசம்பரில் அதற்கு மாறின. அட்டை அச்சடிக்கும் செலவும் விநியோகிக்கும் செலவும் நிர்வாகத்துக்கு இல்லை. மாகும்புரவில் இலங்கை எடுத்தது இந்த வழி. காசு தட்டுப்பாடான அரசாங்கத்துக்கு இது புத்திசாலித்தனமான தெரிவு. ஆனால் பஸ்ஸுக்குள் வருமுன் ஒருவர் வங்கிக்குள் போயிருக்க வேண்டும் என்ற நிபந்தனை அதில் ஓசையில்லாமல் சேர்ந்து வருகிறது.

சிக்னல் விஷயமும் இருக்கிறது. கடையில் உள்ள சாதாரண அட்டை இயந்திரம் ஒவ்வொரு முறையும் வங்கியைக் கேட்டே சம்மதம் சொல்லும். லண்டன் பஸ்ஸில் உள்ள கருவி அப்படிக் கேட்டுக்கொண்டு நிற்பதில்லை. அட்டையின் மின்னொப்பத்தை அந்த இடத்திலேயே சரிபார்த்து, தடைப்பட்டியலில் அது இல்லையென்றால் ஏற்றிக்கொள்கிறது. நாள் முடிவில் எல்லாப் பயணங்களையும் கூட்டி ஒரே தொகையாக வங்கியிடம் வாங்கிக்கொள்கிறது. இடையில் ஓரிரு கட்டணம் தவறிப்போனால் அந்த நட்டத்தை யார் ஏற்பது என்பதை முதலிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள். உன்னிச்சைக் குளத்துப் பக்கம் போகும் பஸ்ஸுக்கு வேண்டியது இந்த இரண்டாவது ரகம். மாகும்புரவில் திட்டம் தொடங்கிய அதே வாரத்தில் டித்வா புயல் கிழக்குக் கரையால் உள்ளே நுழைந்தது. பல மாவட்டங்களில் மின்சாரமும் தொலைத்தொடர்பும் ஒன்றாக அறுந்தன. மட்டக்களப்பிலிருந்து வெளியே போகும் வீதிகள் நீரில் மூழ்கின. அந்த நாட்களில் கையிலிருந்த தாள் பணம்தான் பணம். வடகீழ்ப் பருவமழை வருடா வருடம் படுவான்கரை வீதிகளை வெட்டிப்போகும் பிரதேசத்தில் இதை அபூர்வ விபத்து என்று ஒதுக்க முடியாது.

இயந்திரம் யாருடைய பிரச்சினையைத் தீர்க்கிறது? பயணியுடையதை என்பதுதான் பொதுவாகச் சொல்லப்படும் பதில். உலகம் முழுவதும் இந்த இயந்திரத்தைக் காசு கொடுத்து வாங்கியவர்கள் பஸ்ஸின் சொந்தக்காரர்களும் நிர்வாகங்களும்தான். அவர்களுக்கு வேண்டியிருந்தது ஒன்று: பஸ்ஸுக்குள் எவ்வளவு சேர்ந்தது என்பதைக் கொண்டக்டரின் வாயால் கேட்காமல் தாங்களே தெரிந்துகொள்வது.

இலங்கையில் இதற்கு ஒரு வரலாறு இருக்கிறது. 1958 ஜனவரி 1ஆம் திகதி தனியார் பஸ் கம்பனிகள் அத்தனையும் அரசுடைமையாகி இலங்கை போக்குவரத்துச் சபை (இ.போ.ச.) பிறந்தது. 1979இல் தனியார் பஸ்களுக்கு மறுபடியும் வழி திறந்தார்கள். முன்னைய கம்பனிகள் போல அவை திரும்பவில்லை; ஒரு பஸ், இரண்டு பஸ் வைத்திருக்கும் சில்லறை முதலாளிகளாகவே பெருகின. அந்த முதலாளி பஸ்ஸில் போவதில்லை. மாலையில் இவ்வளவு கொண்டுவந்து தா, டீசல் போக மிச்சத்தில் உன் பங்கை எடுத்துக்கொள் என்பதுதான் சாரதியோடும் கொண்டக்டரோடும் அவர் வைத்துக்கொள்ளும் ஏற்பாடு. சந்தியில் பத்து நிமிடம் ஆட்களுக்காகக் காத்து நிற்பதும், பின்னால் இன்னொரு பஸ் தெரிந்தவுடன் உயிரைக் கையில் பிடிக்கவைத்து ஓடுவதும் இந்த ஏற்பாட்டின் பிள்ளைகள். டிக்கட் இல்லாததும் அப்படியே. எண்ணிக்கை வெளியே தெரிந்தால் முதலாளி தொகையைக் கூட்டுவார்.

இதைத் தொழில்நுட்பத்தால் உடைக்கப் பார்த்த ஊர் நைரோபி. அங்கே மட்டாட்டு எனப்படும் தனியார் சிற்றூந்துகள் நம் தனியார் பஸ்களின் உடன்பிறப்புகள். அதே தினத் தொகை, அதே ஓட்டப் பந்தயம். 2013இல் கூகுள் நிறுவனமும் ஈக்குவிட்டி வங்கியும் சேர்ந்து பேபாபே என்ற தட்டும் அட்டையைக் கொண்டுவந்தன. அடுத்த ஆண்டு அரசாங்கம் காசில்லாக் கட்டணத்தைக் கட்டாயமாக்கிக் காலக்கெடுவும் வைத்தது. அட்டையை இலவசமாகவே கொடுத்தார்கள். கென்யா அப்போதே எம்-பெசாவால் தொலைபேசிப் பணத்தில் உலகத்துக்கே வழிகாட்டியாக இருந்த நாடு. மக்களுக்குப் புரியவில்லை என்று சொல்ல இடமில்லை. இருந்தும் 2015 மார்ச்சில் பேபாபே மூடப்பட்டது. வண்டியில் இருந்தவர்கள் இயந்திரம் பழுது என்றார்கள், காசு இருந்தால் ஏறு என்றார்கள். அவர்களுடைய அன்றாடக் கூலி, இடைவழியில் பொலிசுக்குக் கொடுக்க வேண்டியது, மாலைச் சாப்பாடு எல்லாம் கையில் இருக்கும் காசிலிருந்தே வந்துகொண்டிருந்தன. அட்டைப் பணம் நேரே முதலாளியின் கணக்குக்குப் போனால் இவற்றுக்கு என்ன வழி என்று யாரும் அவர்களிடம் பேசவில்லை. நைரோபியில் தோற்றது சில்லு என்று நான் நினைக்கவில்லை. சம்பளம் பேசாமல் இயந்திரத்தை மட்டும் ஏற்றியதால் வந்த வினை அது.

மட்டக்களப்பில் தனியார் பஸ் கொண்டக்டருக்கு மாதச் சம்பளமும் ஊழியர் சேமலாப நிதியும் வரும்வரை அவர் கையில் கொடுக்கும் எந்த இயந்திரமும் அடிக்கடி பழுதாகும் என்று நம்பலாம். இ.போ.ச. பஸ்ஸில் கதை கொஞ்சம் வேறு. அங்கே சம்பளம் உண்டு, டிக்கட் உண்டு, நடுவழியில் ஏறிச் சரிபார்க்கும் பரிசோதகர் உண்டு. படுவான்கரையில் இதைப் பரீட்சித்துப் பார்ப்பதானால் இ.போ.ச.வின் சிவப்பு பஸ்ஸில் தொடங்குவதே விவேகம்.

பயணியின் பக்கம் வருவோம். அட்டை இல்லாதவர் எல்லாருக்கும் வங்கிக் கணக்கே இல்லை என்று நினைத்துவிடக் கூடாது. 2023இல் சமுர்த்திக் கொடுப்பனவின் இடத்துக்கு அஸ்வெசும வந்தபோது பணம் நேரே வங்கிக் கணக்குக்குப் போகும்படி செய்தார்கள். வறிய குடும்பங்களும் வரிசையில் நின்று கணக்குத் திறந்தன. கணக்கு இருப்பது ஒன்று, தட்டக்கூடிய அட்டை கையில் இருப்பது இன்னொன்று. கிராமத்துப் பெண்ணின் வங்கி உறவு பெரும்பாலும் புத்தகத்தோடுதான். பணம் விழும் நாளில் போய் எடுத்து, கடைக் கடனையும் குழுக் கடனையும் அடைத்துவிட்டு வீடு திரும்பினால் கணக்கில் மிச்சம் இருப்பது சொற்பம். அவரிடம் அட்டையைக் கொடுத்தாலும் தட்டும்போது எடுக்க அதில் காசு இருக்க வேண்டுமே.

எவ்வளவு இருக்கிறது என்பது கண்ணுக்குத் தெரியவும் வேண்டும். இதைப் பணக்கார சிங்கப்பூரே அனுபவத்தில் கற்றது. பழைய ஈஸி-லிங்க் அட்டைகளை 2024 ஜூனோடு நிறுத்தி எல்லாரையும் சிம்ப்ளிகோ என்ற புதிய முறைக்கு மாற்றப் போவதாக அந்த ஆண்டு ஜனவரியில் அறிவித்தார்கள். புதிய முறையில், கதவில் தட்டும்போது பிடித்த கட்டணமும் மிச்சத் தொகையும் திரையில் வராது. தொலைபேசிச் செயலியில் போய்ப் பார்க்க வேண்டும். அந்த ஒரு குறைக்கு ஊரே கொதித்தது. இரண்டு வாரத்துக்குள் அமைச்சர் பின்வாங்கி, பழைய முறையைத் தொடர 40 மில்லியன் சிங்கப்பூர் டொலர் கூடுதலாகச் செலவிடச் சம்மதித்தார். மிச்சக் காசை எண்ணிப் பார்க்கும் பழக்கம் வறுமையால் மட்டும் வருவதில்லை போலும்.

கைத்தொலைபேசியும் அட்டையும் இல்லாதவரை இலக்கமுறைக்குள் கொண்டுவர முடியுமா என்ற கேள்விக்கு இலங்கை தன்னையறியாமலே ஒரு விடை எழுதியிருக்கிறது. 2022 ஜூலையில் வந்த தேசிய எரிபொருள் அனுமதிப் பத்திரம்தான் அது. மோட்டார் சைக்கிளுக்கு வாரம் 4 லீற்றர், முச்சக்கர வண்டிக்கு 5 லீற்றர் என்று தொடங்கிய பங்கீடு. ஒவ்வொரு வாகனத்துக்கும் ஒரு கியூஆர் குறியீடு. ஸ்மார்ட் போன் இல்லாதவர்கள் என்ன செய்தார்கள்? ‘கொமியுனிகேஷன்’ கடைக்குப் போய்ப் பதிவு செய்து, குறியீட்டைக் கடுதாசியில் அச்சடித்து, லெமினேட் பண்ணி, பணப்பையிலும் ஹெல்மெட்டுக்குள்ளும் வைத்துக்கொண்டார்கள். நெட் தொடர்பும் திரையும் எரிபொருள் நிலையக்காரரின் கையில் இருந்தால் போதுமாக இருந்தது. வயல்காரரிடம் ஒரு துண்டுக் கடுதாசி. 2023 செப்டம்பரில் பங்கீட்டை விலக்கும்வரை வயது, படிப்பு வித்தியாசம் பாராமல் நாடு முழுவதும் அதோடு வாழ்ந்தது. பஸ்ஸுக்கும் இதே ஒழுங்கு செல்லும். கொமியுனிகேஷன் கடையிலோ டிப்போவிலோ காசு கொடுத்துக் குறியீட்டில் பயணங்களை ஏற்றிக்கொள்வது. ஏறும்போது கொண்டக்டரின் கருவி அதை வாசித்து மிச்சத்தைத் திரையில் காட்டுவது. வங்கி அட்டை வைத்திருப்பவர் அதே கருவியில் தட்டட்டும். லெமினேட் கடுதாசியைத் தொழில்நுட்பத்தில் பின்தங்கிய ஏற்பாடு என்று சிரிப்பவர்கள் சிரிக்கட்டும். இலங்கையில் எல்லாரையும் எட்டிய இலக்கமுறைத் திட்டம் ஒன்று சொல்லச் சொன்னால் எனக்கு அதுதான் முதலில் ஞாபகம் வருகிறது.

இத்தனைக்கும் மேலே, படுவான்கரைக்கு இந்த இயந்திரத்தால் வரக்கூடிய பெரிய நன்மையும் பெரிய கேடும் கட்டணத்தில் இல்லை, எண்ணிக்கையில் இருக்கிறது.

சென்னையைப் பாருங்கள். தமிழ்நாட்டில் 2021 மே மாதத்திலிருந்து சாதாரணக் கட்டண நகரப் பஸ்களில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. ஆனாலும் ஏறும் ஒவ்வொரு பெண்ணுக்கும் கண்டக்டர் ஒரு டிக்கட் கொடுக்கிறார். காசே வாங்காத பயணத்துக்கு டிக்கட் எதற்கு? அந்தப் பயணங்களுக்கான தொகையை அரசாங்கம் போக்குவரத்துக் கழகங்களுக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அதற்குக் கணக்கு வேண்டும். டிக்கட் இல்லாவிட்டால் அந்தப் பெண் பஸ்ஸில் போனதற்கே சாட்சி இல்லை. அதே சென்னையில் மெட்ரோவுக்காக 2023இல் வந்த சிங்காரச் சென்னை அட்டை 2025 ஜனவரியில் மாநகரப் பஸ்களுக்கும் நீண்டது. கண்டக்டர் கையிலிருக்கும் ஒரே கருவியில் காசு டிக்கட், அட்டை, யூபிஐ என்ற தொலைபேசிக் கட்டணம், கட்டணமில்லா டிக்கட் நான்கும் பதிவாகின்றன. எப்படிச் செலுத்தினாலும், செலுத்தாவிட்டாலும், எல்லாரும் ஒரே கணக்குப் புத்தகத்தில் வருகிறார்கள். அதிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது அட்டையைவிட இந்தக் கணக்குப் புத்தகத்தைத்தான்.

இலங்கையிலும் கட்டணத்தால் மட்டும் ஓட முடியாத வழிகளுக்கு அரசாங்கம் கைகொடுக்கும் ஏற்பாடுகள் உண்டு. 1991ஆம் ஆண்டுச் சட்டத்தால் உருவான தேசிய போக்குவரத்து ஆணைக்குழு, பாடசாலைப் பிள்ளைகளுக்கு ‘சிசு செரிய’, பின்தங்கிய கிராமங்களுக்கு ‘கெமி செரிய’ என்ற மானியச் சேவைகளை நடத்துகிறது. மாகாணத்துக்குள் ஓடும் தனியார் பஸ்களின் வழித்தட அனுமதி மாகாண வீதிப் பயணிகள் போக்குவரத்து அதிகாரசபையிடம் இருக்கிறது. எந்த ஊருக்கு எத்தனை மணிக்கு எத்தனை பேர் என்று இவர்களிடம் காட்ட வவுணதீவு மக்களிடம் இன்று இருப்பது மகஜர் மட்டும். நூறு கையெழுத்துப் போட்ட மகஜர், பிரதேச செயலகம், பிரதேச சபை, மாவட்ட அபிவிருத்திக் குழு என்று சுற்றி வரும். பிற்பகல் பாடசாலை விட்டதும் இத்தனை பிள்ளைகள் இந்தச் சந்தியில் ஏறுகிறார்கள், கிளினிக் நாளில் இந்த பஸ்ஸில் இத்தனை பேர், ஆயித்தியமலை மாதா திருவிழாவுக்கும் கொக்கட்டிச்சோலைத் தேருக்கும் இவ்வளவு என்று தினக் கணக்கோடு போனால் பதில் சொல்வது அதிகாரியின் பாடு.

கேடும் இதே இடத்தில்தான். இயந்திரம் அட்டைகளை மட்டும் எண்ணினால் என்ன ஆகும்? கல்லடி, காத்தான்குடி, ஆரையம்பதி வழியே கடற்கரை வீதியில் ஓடும் பஸ்ஸில் தட்டுபவர்கள் நிறைய இருப்பார்கள். நாவற்காட்டு பஸ்ஸில் நாலைந்து பேர்தான் தட்டுவார்கள், மற்றவர்கள் காசு கொடுப்பார்கள். கொழும்பில் திரையைப் பார்ப்பவருக்கு நாவற்காட்டு பஸ் காலியாக ஓடுகிறது. ஆள் நிரம்பி, தயிர் முட்டியை மடியில் வைத்துக்கொண்டு ஒற்றைக்காலில் நின்று போகும் பஸ், தரவில் வெறும் பஸ். நட்டத்தில் ஓடும் வழிகளைக் குறையுங்கள் என்ற குரல் இ.போ.ச. மீது எப்போதும் இருக்கும் நாட்டில் அப்படி ஒரு வரைபடம் போதும், மாலை பஸ்ஸை நிறுத்துவதற்கு. லண்டன் 2014 ஜூலையில் பஸ்ஸில் காசு வாங்குவதை நிறுத்தியபோது காசு கொடுப்பவர்கள் ஏறக்குறைய நூற்றுக்கு ஒருவராகக் குறைந்திருந்தார்கள். அதற்கு முன்பே பதினோரு வருடம் ஒயிஸ்டர் ஓடியிருந்தது. மிச்சம் போதாமல் வருபவரும் ஒரு தடவை ஏறிப்போக அட்டையில் இடம் வைத்தார்கள். அங்கே கடைசியாக நடந்ததை இங்கே முதலில் செய்ய நினைக்கக் கூடாது.

எண்ணிக்கை வேண்டும் என்று சொல்லும்போது, யார் எண்ணப்படுகிறார் என்பதும் வவுணதீவில் இலேசான பேச்சில்லை. யுத்த காலத்தில் படுவான்கரையின் பெரும்பகுதி 2007வரை விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்தது. வவுணதீவு இரு பக்கங்களுக்கும் நடுவில் சோதனைச்சாவடி இருந்த ஊர். நகரத்துக்குப் போக வேண்டுமானால் இறங்கி, வரிசையில் நடந்து, அடையாள அட்டையை நீட்டி, எதற்குப் போகிறாய் என்ற கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. பயணத்துக்கு அட்டை காட்டும் பழக்கத்தை அந்தத் தலைமுறை எந்த வங்கிக்கும் முன்பே கற்றுவிட்டது. வங்கி அட்டையைத் தட்டினால் ஆளின் பெயரோடு நேரமும் இடமும் எங்கோ ஒரு கணினியில் பதிவாகும். கொழும்பு அலுவலகப் பயணிக்கு அது கணக்குச் சீட்டில் ஒரு வரி. இங்கே ஐம்பது வயதைத் தாண்டிய ஒருவருக்கு அது வேறு ஞாபகங்களைக் கொண்டுவரும். பெயரில்லாத கியூஆர் கடுதாசிக்கு இன்னொரு நியாயம் இதிலிருந்து கிடைக்கிறது. ஆயித்தியமலைச் சந்தியில் காலை 7 மணிக்கு 31 பேர் ஏறினார்கள் என்று தெரிந்தால் பஸ் விடப் போதும். அந்த 31 பேரும் யார் யார் என்று போக்குவரத்து அதிகாரிக்குத் தெரிய வேண்டியதில்லை. எத்தனை நாள் வைத்திருப்பார்கள், பொலிஸ் கேட்டால் யாருடைய உத்தரவில் கொடுப்பார்கள் என்பவற்றை இயந்திரம் வாங்கும் ஒப்பந்தத்திலேயே எழுதிவிடலாம். 2022ஆம் ஆண்டின் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் இதற்குத் துணைக்கு இருக்கிறது. அதைப் பஸ்வரை இறக்கிக் கொண்டுவர ஆள் வேண்டும்.

பாடசாலைப் பிள்ளைகளின் சீசன் டிக்கட்டும் இந்தக் கணக்குக்குள் வரவேண்டும். இ.போ.ச. சலுகை விலையில் கொடுக்கும் சீசனைத் தனியார் பஸ் ஏற்காது. பிள்ளை சிவப்பு பஸ்ஸுக்காகக் காத்து நிற்கும்போது வெறுமையாகத் தனியார் பஸ் கடந்துபோகும். யாருடைய பஸ்ஸில் பிள்ளை ஏறியது என்று கருவி பதிந்தால் சலுகைத் தொகையை அந்த பஸ்ஸுக்கே பிரித்துக் கொடுக்க முடியும். எந்த பஸ் முதலில் வருகிறதோ அதில் பிள்ளை ஏறலாம். தட்டும் அட்டையால் படுவான்கரைக்கு உடனடியாக ஒரு பலன் காட்டச் சொன்னால் நான் இதைத்தான் காட்டுவேன், சில்லறையை அல்ல.

கிழக்கு மாகாணத்தில் இதைத் தொடங்க எல்லா வழிகளிலும் ஒரே நாளில் இயந்திரம் ஏற்ற வேண்டியதில்லை. வலையிறவைக் கடக்கும் பஸ்களில் ஒரு சிலவற்றை எடுத்து, காசு டிக்கட்டும் சீசனும் குறியீடும் வங்கி அட்டையும் ஒரே கருவியில் பதியப்பட வேண்டும் என்று வழித்தட அனுமதியில் ஒரு நிபந்தனை சேர்த்தால் போதும். சிக்னல் இல்லாத இடத்தில் கருவி தானே சேமித்துவைத்து, நகரம் வந்ததும் அனுப்ப வேண்டும். கொண்டக்டருக்குச் சம்பளம் எவ்வளவு என்பதும் அந்த நிபந்தனையில் இருக்க வேண்டும். 27 ரூபாய்க்கு டிக்கட் அச்சடிக்கும் கடுதாசிச் சுருளை யார் வாங்கித் தருவது, முதலாளியா, அதிகாரசபையா என்பதையும் விட்டுவிடாமல் எழுத வேண்டும். இரண்டாவது வாரத்தில் முதலில் தீர்ந்துபோவது அந்தச் சுருள்தான், அதற்குப் பிறகு இயந்திரம் ‘பழுது’.